உதடு படும் பாத்திரம்

உத்திரமேரூர் வைகுண்டப் பெருமாள் கோயில் கல்வெட்டைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் குடவோலையோடு நிறுத்திக்கொள்வார்கள். முதலாம் பராந்தகன் காலத்தில், கி.பி. 921-இல் வெட்டிய அந்தக் கல்லில் யார் பெயரையெல்லாம் குடத்தில் போடக்கூடாது என்றொரு பட்டியலும் உண்டு. கணக்குக் காட்டாதவர், பிறர் பொருளைப் பறித்தவர் என்று நீளும் அந்த வரிசையில், உண்ணத்தகாததை உண்டவரும் பதிதரோடு பழகிப் பதிதரானவரும் இருக்கிறார்கள். யார் எதை உண்டார், யாரோடு பழகினார் என்பது அன்றைக்கு ஊர்ச்சபை விசாரிக்கும் காரியம்.

அங்கிருந்து காஞ்சிபுரம் சாலையில் சிறிது தூரம் வந்தால் திருப்புலிவனம். புலிக்கால் முனிவர் வழிபட்டதாகச் சொல்லும் வியாக்ரபுரீசுவரர் கோயில், சோழர் கல்வெட்டுகள், ஏரிப் பாசனத்து நெல்வயல்கள். இந்தப் பக்கத்துப் பிள்ளைகள் விவரம் தெரியும் வயதிலேயே செம்பை அண்ணாந்து குடிக்கப் பழகிவிடும். உதடு பட்டால் எச்சில். எச்சில் பட்ட செம்பைக் கழுவிக் கவிழ்த்த பிறகுதான் இன்னொருவர் எடுக்கலாம். கணவன் சாப்பிட்ட இலையில் மனைவி உண்பது வழக்கமாக இருந்தது. மனைவியின் இலையில் கணவன் உட்காருவது வழக்கமாக இருந்ததில்லை. வீட்டுக்குள் இப்படி என்றால், வீதிக்கு வந்ததும் எச்சில் சாதியாகிவிடும். டீக்கடையில் இரட்டைக் குவளையாக நிற்கும்.

இப்படிப்பட்ட மண்ணுக்கு, ஒருவர் உதடு வைத்துக் குடித்ததை அடுத்தவரும் உதடு வைத்துக் குடிக்க வேண்டிய ஒரு பாத்திரம் வந்து சேர்ந்தது. நற்கருணை, திருவிருந்து, இராப்போஜனம் என்று சபைக்குச் சபை அந்தப் பந்திக்குப் பெயர் மாறும். பாத்திரத்துக்குள் இருப்பது என்ன என்று ஐரோப்பா பல நூற்றாண்டுகள் வாதாடியது. தமிழ்நாட்டில் வாதம் பாத்திரத்தின் விளிம்புக்கு வந்தது: அதில் யார் உதடு பட்டது? இந்த இரண்டாவது கேள்விதான் பழையது, வேரோடு நெருங்கியது என்று நான் நினைக்கிறேன். அதற்குப் பாத்திரம் வந்த வழியைக் கொஞ்சம் சொல்ல வேண்டும்.

இயேசு காட்டிக்கொடுக்கப்பட்ட இரவில் சீடரோடு உண்ட பந்தியில் தொடங்குகிறது அது. எழுத்தில் நமக்குக் கிடைக்கும் முதல் சாட்சி, ஏறத்தாழ கி.பி. 55-இல் பவுல் கொரிந்து நகரத்துச் சபைக்கு எழுதிய கடிதம். சுவிசேஷங்கள் எழுதப்பட்டது அதற்குப் பிறகு. அந்த இரவைப் பவுல் ஏன் நினைவூட்டினார் என்று பார்த்தால், காரணம் ஒரு பந்திச் சண்டை. கொரிந்தில் வசதியுள்ளவர்கள் பந்திக்கு முந்தித் தின்று குடித்து முடித்தார்கள். இல்லாதவர்கள் பசியோடு உட்கார்ந்திருந்தார்கள். நீங்கள் உண்பது ஆண்டவருடைய பந்தியே அல்ல என்று பவுல் கடிந்துகொண்டார். அப்பம் எப்போது மாறுகிறது, எப்படி மாறுகிறது என்ற பேச்சே அந்தக் கடிதத்தில் இல்லை. ஓர் அப்பத்தில் பங்கு பெறுகிறவர்கள் ஓர் உடல் என்பதுதான் அவருடைய வாதம். பக்கத்தில் பட்டினி கிடப்பவனைக் கண்டுகொள்ளாதவன் அந்த உடலை அறியாதவன்.

கி.பி. 150-ஐ ஒட்டி ரோமில் இருந்த யுஸ்தின் எழுதியதைப் பார்த்தால், பந்திக்கு வர முடியாதவர்களுக்கு உதவிக்குருமார் வீடு தேடிக் கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறார்கள். அதே கூட்டத்தில் அநாதைகளுக்கும் விதவைகளுக்கும் காணிக்கை சேர்த்திருக்கிறார்கள். ஐந்தாம் நூற்றாண்டில், வட ஆப்பிரிக்காவின் ஹிப்போ நகர ஆயர் அகுஸ்தீன், புதிதாகத் திருமுழுக்குப் பெற்றவர்களிடம் பீடத்தின் மேல் இருப்பது நீங்களே என்று பொருள்படப் பேசினார். அதுவரைக்கும் அப்பமும் அதை உண்கிற கூட்டமும் ஒன்றைவிட்டு ஒன்று பிரியாத கேள்விகளாகவே இருந்தன.

பிரிவு பிரான்சில் கோர்பி மடத்தில் தொடங்கியது. ஒன்பதாம் நூற்றாண்டில் ஒரே மடத்துத் துறவிகள் இருவர் எதிரும் புதிருமாக எழுதினார்கள். பீடத்தில் இருப்பது மரியாளிடம் பிறந்த அதே உடல் என்றார் பஸ்காசியுஸ் ராட்பெர்ட். அடையாளத்தின் வழியாக ஆவிக்குரிய முறையில் இருக்கிறது என்றார் ரத்ரம்னுஸ். இருநூறு ஆண்டு கழித்து தூர் நகரத்து பெரெங்கார் ரத்ரம்னுஸின் பக்கம் சாய்ந்து பேச, 1059-இல் ரோமில் அவரைக் கட்டாயப்படுத்திச் சத்தியம் வாங்கினார்கள். 1215-இல் நான்காம் லாத்தரன் சங்கம் பொருள்மாற்றம் என்ற போதனையை ஏற்றது. தாமஸ் அக்குவினாஸ் அதற்கு அரிஸ்டாட்டிலின் தத்துவத்தை வைத்து விளக்கம் கொடுத்தார். நிறம், மணம், சுவை அப்படியே இருக்க, உள்ளிருக்கும் பொருள் மட்டும் மாறுகிறது என்பது அதன் சாரம். கூர்மையான சிந்தனை, பக்தியிலிருந்து வந்த சிந்தனை. அதை நான் லேசாக எடுக்கவில்லை.

ஆனால் அதோடு சேர்ந்து இன்னொன்றும் நடந்தது. பாத்திரத்தின் மேல் பயபக்தி ஏற ஏற, ஜனங்கள் அதைவிட்டுத் தள்ளிப்போனார்கள். குரு உயர்த்திப் பிடிக்கும் அப்பத்தைத் தூரத்திலிருந்து பார்த்துக் கும்பிடுவதே பலருக்கு நற்கருணையாகிவிட்டது. ஆண்டுக்கு ஒரு முறையாவது உட்கொள்ளுங்கள் என்று அந்த 1215-ஆம் ஆண்டுச் சங்கமே சட்டம் போட வேண்டியிருந்தது. ரசம் சிந்திவிடுமோ என்ற அச்சத்தில் பாத்திரம் மெல்ல மெல்லக் குருவின் கையோடு நின்றது. 1415-இல் கான்ஸ்டன்ஸ் சங்கம் பொதுநிலையினருக்குப் பாத்திரம் கிடையாது என்று தீர்மானமே போட்டது. அதே ஆண்டில் அதே சங்கம் பொகீமியச் சீர்திருத்தவாதி யான் ஹுஸை உயிரோடு கொளுத்தியது. பொகீமியாவில் அவரைப் பின்பற்றியவர்கள் கொடியில் பாத்திரத்தை எழுதிக்கொண்டு போருக்குப் போனார்கள். ஒரு மிடறு ரசத்துக்காகவா என்று கேட்கத் தோன்றும். தங்களை இரண்டாம் பந்தியில் உட்கார வைத்ததற்காக என்று சொன்னால் நமக்கு எளிதில் புரியும்.

அடுத்த நூற்றாண்டில் லூத்தர் பாத்திரத்தை ஜனங்களிடம் திருப்பிக் கொடுத்தார். ஆனால் உள்ளிருப்பது என்ன என்ற சண்டை ஓயவில்லை. 1529-இல் மார்புர்க் கோட்டையில் லூத்தரும், அப்பத்தை அடையாளமாகவே கண்ட சுவிங்லியும் எதிரெதிரே உட்கார்ந்தார்கள். இது என் உடல் என்ற வசனத்தை லூத்தர் லத்தீனில் மேசையில் சாக்பீஸால் எழுதி வைத்துக்கொண்டு இறங்கி வர மறுத்தார். 15 கூறுகளில் 14-க்கு உடன்பட்டவர்கள் நற்கருணையில் பிரிந்துபோனார்கள். கால்வின் இருவருக்கும் நடுவே நின்றார். கத்தோலிக்கத் திருச்சபை திரெந்து சங்கத்தில், 1551-இல், பொருள்மாற்றத்தை மீண்டும் உறுதி செய்தது.

இந்தச் சண்டைகளெல்லாம் கப்பலேறித் தமிழ்க் கரைக்கு வந்தன. லூத்தரின் பாத்திரம் தரங்கம்பாடிக்கு, கால்வினின் பாத்திரம் ஸ்காட்லாந்துக்காரர்கள் வழியாகச் செங்கல்பட்டுக்கு, ஆங்கிலிக்கன் பாத்திரம் திருநெல்வேலிக்கு. அவற்றுக்கு முன்பே போர்த்துகீசியரோடு கத்தோலிக்கத் திருப்பலி வந்திருந்தது. வந்த எல்லாப் பாத்திரங்களையும் இங்கே ஒரே கேள்விதான் வரவேற்றது.

மதுரையில் இயேசு சபைத் துறவி தெ நோபிலி 1606-இல் தொடங்கிய வழியில், உயர்சாதியாரிடம் போகும் குருமார் வேறு, மற்றவர்களிடம் போகும் பண்டாரசாமிகள் வேறு என்று இயேசு சபையில் பிரிவு வந்தது. பறையர் குடிசையில் ஒருவர் சாகக் கிடக்கிறார், கடைசி நன்மை, அதாவது நற்கருணை, வேண்டும். குரு வாசல்படி தாண்டி உள்ளே போகலாமா? போனால் அவரிடம் உயர்சாதியார் வரமாட்டார்கள். ரோமிலிருந்து வந்த திருத்தந்தையின் தூதர் தூர்னோன் 1704 ஜூன் 23-இல் புதுச்சேரியில் கையெழுத்திட்ட ஆணையில் இந்தக் குடிசைக்கும் இடம் இருந்தது: நோயாளியின் வீட்டுக்குள் போய் அருட்சாதனங்களைக் கொடுத்தே ஆக வேண்டும் என்றார் அவர். நாற்பது ஆண்டுகள் இழுபறி. 1744-இல் திருத்தந்தை பதினான்காம் பெனடிக்ட் வழக்கை முடித்தபோது, பறையருக்கென்று தனிக் குருமாரை நியமிப்பதே தீர்வாக இருந்தது. கதவு திறந்தது, குருமார் இரண்டாகவே இருந்தார்கள்.

தரங்கம்பாடியில் 1706-இல் இறங்கிய சீகன்பால்கு வழிவந்தவர்களும் இதே இடத்தில் தடுக்கினார்கள். இராஜநாயக்கன் என்ற உபதேசியார் அங்கே இருந்தார். தஞ்சை அரசரின் படையில் சிப்பாயாக இருந்தவர், கத்தோலிக்கர், சீகன்பால்கின் தமிழ்ப் புதிய ஏற்பாட்டைப் படித்து லூத்தரன் சபைக்கு வந்தவர், தஞ்சைச் சீமையில் சபைகளை வளர்த்தவர். 1733-இல் ஆரோன் முதல் தமிழ்ப் போதகராக அபிஷேகம் பெற்ற பிறகு, அடுத்தவர் யார் என்ற பேச்சில் இவர் பெயரும் அடிபட்டது. ஆனால் இவர் பறையர். இவர் கையால் இராப்போஜனம் கொடுத்தால் உயர்சாதிக் கிறிஸ்தவர்களுக்கு அந்தப் பந்தியின் மேலேயே மதிப்புக் குறைந்துவிடும் என்று மிஷனரிகள் தயங்கினார்கள். கடைசிவரை அவருக்கு அபிஷேகம் இல்லை. அப்பத்தில் கிறிஸ்து மெய்யாகவே இருக்கிறார் என்பதற்காக மார்புர்கில் ஒற்றுமையையே விட்டுக்கொடுத்த மரபு அது. அந்த மெய்யான பிரசன்னம் கொடுப்பவர் கையின் தீட்டுக்கு அடங்கிப்போகும் என்று அவர்கள் எண்ணவில்லை. ஆனால் நடத்தையில் அப்படித்தான் முடிந்தது. தமிழ் இறையியலில் இந்த ஒரு மனிதருக்குச் செய்த அநீதியைப் பற்றி இன்னும் நிறைய எழுத வேண்டும்.

1833-இல் கல்கத்தா ஆயர் டேனியல் வில்சன், தென்னிந்தியச் சபைகளில் சாதியை உடனடியாக, அறவே விட்டொழிக்க வேண்டும் என்று கடிதம் அனுப்பினார். கோயிலில் சாதிவாரியாக உட்காருகிறார்கள், திருவிருந்துக்குத் தனித்தனியாக வருகிறார்கள், முன்பெல்லாம் தனித்தனிப் பாத்திரங்களே இருந்தன என்று அதில் அவர் குறை சொன்னார். வேப்பேரியிலும் தஞ்சையிலும் பெருங்கூட்டம் சபையை விட்டு வெளியேறியது. தஞ்சை வேதநாயக சாஸ்திரியார் போன்ற பெரும் புலவரே, சாதிகளைக் கலந்து உட்கார வைப்பதைக் கொடுமை என்றுதான் கண்டார். அவர் பாடல்களை இன்றைக்கும் மனமுருகிப் பாடுகிறோம். அதனாலேயே இதைச் சொல்லாமல் விட முடியவில்லை. வெளியேறியவர்களில் பலர் பிறகு லைப்சிக் மிஷனோடு சேர்ந்தார்கள். அங்கே சாதி விஷயத்தில் பிடி தளர்வாக இருந்தது.

கத்தோலிக்கரின் வடக்கன்குளத்தில் இது கட்டடமாகவே நின்றது. 1872-இல் எழுந்த அந்தக் கோயிலுக்கு இரண்டு நீண்ட கூடங்கள். சேருமிடத்தில் ஒரே பீடம். பிள்ளைமார் ஒரு கூடத்தில், நாடார் மறு கூடத்தில். பீடத்தில் நிற்கும் குரு இரு பக்கமும் பார்க்கலாம். ஜனங்கள் ஒருவரை ஒருவர் பார்க்க முடியாது. 1910-இல் கௌசானல் அடிகளார் நடுச்சுவரை இடித்தார். வழக்கு சென்னை உயர் நீதிமன்றம் வரை போய், சுவர் வேண்டும் என்றவர்கள் தோற்றார்கள்.

செங்கல்பட்டுச் சீமையில் கதை வேறு மாதிரி. இங்கே சபைக்கு வந்தவர்களில் மிகப் பெரும்பாலோர் சேரி ஜனங்கள். மிராசுதாரரின் வயலில் உழைத்து, களத்தில் நெல்லாகக் கூலி வாங்கிய படியாட்கள். 1891-இல் கலெக்டர் திரெமென்ஹீர் இவர்கள் நிலையைப் பற்றி அறிக்கை கொடுத்தார். பஞ்சமி நிலம் என்று நாம் சொல்வது அதன் விளைவு. அந்தக் காலத்தில் செங்கல்பட்டில் இருந்த ஸ்காட்லாந்து மிஷனரி ஆடம் ஆண்ட்ரூ, இவர்களுக்கு நிலம் வேண்டும் என்று வாதாடி மெல்ரோசாபுரத்தைக் குடியேற்றமாக அமைத்தார். நிலமும் நெல்லும் வேண்டும் என்று கேட்ட அதே ஜனங்கள்தான் திருவிருந்துக்கும் வந்தார்கள். ஊர்ப் பொதுக்கிணற்றில் நீர் மொள்ள முடியாதவர்கள், வெள்ளைக்காரப் போதகர் கையிலிருந்த பாத்திரத்தில் உதடு வைத்துக் குடித்தார்கள். அவர் குடித்த பாத்திரத்தில்தான். இதைவிட நேரான நற்கருணைப் போதனை எந்தப் புத்தகத்திலும் கிடைக்காது.

1939-இல் காஞ்சிபுரத்துக்கு மாவட்ட மிஷனரியாக வந்தார் லெஸ்லி நியூபிகின். ஸ்காட்லாந்துத் திருச்சபைக்காரர், தமிழில் நன்றாகப் பேசுவார். ராமகிருஷ்ண மிஷன் துறவிகளோடு உட்கார்ந்து ஒரு வாரம் சுவேதாசுவதர உபநிடதமும் மறு வாரம் யோவான் சுவிசேஷமும் படித்தவர். கிராமம் கிராமமாகப் போனவருக்கு ஒரு முரண் உறுத்தியது. திருவிருந்துதான் சபையைச் சபையாக்குகிறது என்று இறையியல் சொல்கிறது. ஆனால் அபிஷேகம் பெற்ற போதகர் என்றைக்கு வருவார் என்று கிராமச் சபை காத்துக் கிடக்கிறது. உபதேசியாரோ ஊர்ப் பெரியவரோ ஜெபம் நடத்தலாம். பந்தியை நடத்த முடியாது. பாத்திரம் மறுபடியும் தூரத்தில் நின்றது.

அப்போது தென்னிந்தியச் சபைகள் ஒன்றாவதற்கான பேச்சு நடந்துகொண்டிருந்தது. 1919-இல் தரங்கம்பாடியில் ஆயர் அசரியாவும் மற்றவர்களும் கூடித் தொடங்கிய பேச்சு. யார் கை வைத்த போதகர் கொடுத்தால் திருவிருந்து செல்லும் என்பதிலேயே பெரும்பகுதிக் காலம் போயிற்று. லண்டனிலிருந்து டி. எஸ். எலியட், கவிஞர் எலியட்தான், இந்த ஒன்றிப்பை எதிர்த்து 1943-இல் ஒரு சிறு நூலே எழுதினார். நியூபிகின் ஒன்றிப்பின் பக்கம் நின்று வாதாடினார்: தகுதி முழுமையான பிறகுதான் ஒரே பந்தி என்றால் எந்தச் சபையும் உட்கார முடியாது, தகுதியில்லாதவரை ஏற்பதுதானே கிருபை? 1947 செப்டம்பர் 27, சென்னை புனித ஜார்ஜ் பேராலயத்தில் தென்னிந்தியத் திருச்சபை பிறந்தது. அன்றைக்கு ஆயராக்கப்பட்டவர்களில் 37 வயது நியூபிகினும் ஒருவர், மதுரைக்குப் போனார்.

மூன்றாம் ஆண்டில், 1950-இல், புதிய திருச்சபை தன் திருவிருந்து வழிபாட்டு முறையை வெளியிட்டது. உலகம் முழுக்கப் பெயர் வாங்கிய முறை அது. போதகர் ஜனங்களைப் பார்த்து நின்றார். பந்திக்கு முன்னால் சமாதானத்தைக் கையால் பரிமாறும் வழக்கம் சிரியன் கிறிஸ்தவர்களிடமிருந்து அதில் சேர்ந்தது. ஒருவர் தன் வலது உள்ளங்கையை மற்றவரின் வலது உள்ளங்கையோடு பொருத்துவார். இருவரும் இடது கையால் மற்றவர் வலது கையை மூடுவார்கள். பீடத்திலிருந்து கிளம்பி வரிசை வரிசையாக அது கடைசிப் பாய் வரைக்கும் போகும். தொட்டால் தீட்டு என்ற மண்ணில், தொட்ட பிறகுதான் பந்தி. அதே காலத்தில் மேலை நாடுகளில் வழிபாட்டைத் திருத்திக்கொண்டிருந்தவர்கள் இந்த முறையைக் கவனித்துப் படித்தார்கள்.

கத்தோலிக்கப் பக்கத்தில் இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1963-இல் தாய்மொழிக்குக் கதவைத் திறந்தது. சில சமயங்களில் பொதுநிலையினருக்குப் பாத்திரமும் கொடுக்கலாம் என்றது. தென்னாற்காட்டுக் கள்ளேரியில் பிறந்த அமலோர்பவதாஸ் அடிகளார் பெங்களூரில் இருந்துகொண்டு, 1969-இல் ரோம் அனுமதித்த 12 மாற்றங்களைப் பரப்பினார்: முழந்தாளிடுவதற்குப் பதில் கைகூப்புதல், மெழுகுவர்த்திக்குப் பதில் எண்ணெய் விளக்கு, ஆரத்தி. அழகான மாற்றங்கள். ஆனால் இந்தியத்தன்மை என்று நீங்கள் எடுத்து வருவது எந்தச் சாதியின் கோயிலிலிருந்து என்று தலித் கிறிஸ்தவர்கள் கேட்டார்கள். நியாயமான கேள்வி.

அதற்குப் பதில் போலவே வந்தது மதுரை அரசரடி இறையியல் கல்லூரியில் ஆசிரியராக இருந்த தியோபிலஸ் அப்பாவுவின் சிந்தனை. பறட்டை அண்ணன் என்றால்தான் பலருக்குத் தெரியும், 2005-இல் மறைந்தார். பறையையும் நாட்டுப்புற மெட்டையும் பீடத்துக்குக் கொண்டுவந்தவர், நற்கருணையை ஒரே உலையில் பொங்கி எல்லாரும் உண்பதாகக் கண்டார். ஒரு குடும்பம் என்பதற்கு நம் ஜனங்களிடம் உள்ள அளவுகோல் அதுதான்: உலை ஒன்றா, தனியா? கடவுளை அப்பா என்று கூப்பிட்டுவிட்டு உலையைத் தனியாக வைக்க முடியாது. கொரிந்துக்குப் பவுல் எழுதியதை ஒரு தமிழ்ப் போதகர் தன் ஊர் அடுப்படியிலிருந்து மறுபடி எழுதினார் என்றே நான் படிக்கிறேன்.

கிராமத்துத் திருவிருந்தில் நான் கவனித்துப் பார்ப்பது ஒரு சிறு செயலை. ஒருவர் குடித்ததும் போதகர் வெள்ளைத் துணியால் விளிம்பைத் துடைத்து, பாத்திரத்தைச் சற்றே திருப்பி அடுத்தவர் உதட்டுக்குக் கொடுப்பார். நான்கைந்து பேருக்குள் பாத்திரம் முழுச் சுற்று சுற்றி முதல் உதடு பட்ட இடத்துக்கே வந்துவிடும். கொரோனாவுக்குப் பிறகு பல சபைகளில் இதை நிறுத்திவிட்டார்கள். தட்டில் குட்டிக் கிண்ணங்கள் வருகின்றன, ஆளுக்கு ஒன்று. நோய் பரவக்கூடாது என்பது உண்மையான காரணம், அதை மறுக்க மாட்டேன். எல்லாருக்கும் தனிக் கிண்ணம் என்பதால் யாரையும் இது தனியாக ஒதுக்குவதும் இல்லை. ஆனாலும் சுத்தம் என்ற சொல்லைச் சொல்லித்தான் இந்த மண்ணில் அந்தக் காலத்துத் தனிப் பாத்திரங்களும் வந்தன. ஆகவே மூப்பர்கள் கூட்டத்தில் இதை வெறும் சுகாதார ஏற்பாடாகப் பேசி முடித்துவிடக்கூடாது. சில சபைகளில் ஒரே பாத்திரத்தை வைத்துக்கொண்டு அப்பத்தை ரசத்தில் தோய்த்துக் கொடுக்கிறார்கள். கிழக்கத்திய சபைகளில் பல நூற்றாண்டுகளாக உள்ள முறை. குட்டிக் கிண்ணங்களுக்கு மாறியிருக்கும் செங்கல்பட்டு, காஞ்சிபுரம் கிராமச் சபைகள் குறைந்தது அதையாவது எடுத்துக்கொள்ள வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். பாத்திரம் ஒன்றாக இருக்கட்டும்.